பெல்ஃபோர்டு ஹோட்டலில் ஃபியூஸ் போன ஞாயிறு

சிகாகோ பெல்ஃபோர்டு ஹோட்டலின் நாலாம் மாடி அறை ஒன்றில் வில்மா கோசாக் பத்தொன்பது வருஷமாகத் தனியாகக் குடியிருந்தாள். கடையில் கையுறை விற்று ஓய்வு பெற்றவள். எதிர் அறைக்காரரிடம்கூட வானிலைக்கு மேல் பேசியதில்லை. அவள் வாழ்க்கையில் ஒரே ஒரு குற்றம் உண்டு. தொப்பிப் பெட்டிக்குள் ஒரு கரண்ட் அடுப்பை ஒளித்து வைத்திருந்தாள். அறையில் சமைத்தால் ஒரே வாரத்தில் காலி செய்ய வேண்டும் என்பது ஹோட்டல் விதி. அந்த அறையை விட்டால் அவளுக்குப் போக்கிடம் ஏது?

அந்த ஞாயிறு, மகள் கல்யாணம் என்று ஹோட்டல்வாசிகள் எல்லாரும் சாப்பிடும் கீழ்த்தளச் சாப்பாட்டுக் கடைக்காரர் கடையைப் பூட்டிவிட்டார். மதியம் பசி தாங்காமல் வில்மா முட்டைக்கோஸ் சூப்பை அடுப்பில் ஏற்றினாள். அது கொதித்ததுதான் தாமதம், கட்டடம் முழுக்க மின்சாரம் போயிற்று. பாதி வழியில் நின்றுபோன லிஃப்டுக்குள்ளிருந்து ஆறாம் மாடி டகன் கிழவர் மேனேஜரைக் கூப்பிட்டு அலறினார்.

"டேய் லெஸ்டர்! என்னை உயிரோட புதைச்சிட்டியாடா?"

வில்மா சட்டென்று அடுப்பின் பிளக்கைப் பிடுங்கினாள். அடுப்பைப் பெட்டிக்குள் வைத்து மூடிவிட்டால் யாருக்குத் தெரியும்? மூடியைக் கையில் எடுத்தும் விட்டாள். கிழவர் மறுபடி அலறினார். பாவி, தன் ஒரு வாய்ச் சூப்புக்காக ஒரு மனிதர் அந்தரத்தில் தொங்குகிறாரே! ஒரு கையில் அடுப்பு, மறுகையில் பாத்திரம். கண்ணீரோடு நாலு மாடியும் இறங்கி, லாபியில் நின்ற மேனேஜரிடம் போனாள்.

"லெஸ்டர், ஃபியூஸ் போனது என்னாலதான். என்னை அனுப்பிடுங்க."

"வரிசையில நில்லுங்க மிஸ் வில்மா. நீங்க ஒன்பதாவது ஆளு."

அப்போதுதான் அவள் நிமிர்ந்து பார்த்தாள். முன்னால் எட்டுப் பேர், ஆளுக்கொரு அடுப்போடு தலைகுனிந்து நின்றார்கள்.

"நான்தான் முதல் குற்றவாளி. நடுவுல புகுந்து பேர் வாங்கப் பார்க்காதீங்க!" என்றார், ரொட்டி சுடும் பெட்டியை அணைத்திருந்த பியானோக்காரர் பெர்னி.

"எவன் குத்தமோ, முதல்ல என்னை இறக்குங்கடா!" என்றது லிஃப்ட்.

லெஸ்டர் நிலவறைக்குப் போய் ஃபியூஸை மாற்றினான். லிஃப்ட் இறங்கியது. பிறகு ஒன்பது அடுப்பையும் பார்த்துத் தலையைச் சொறிந்தான்.

"எல்லாரையும் அனுப்பிட்டா நான் யாருக்கு மேனேஜர்? ரூம்ல சமைக்கக் கூடாதுன்னுதான் விதி. இது லாபி. இனிமே எல்லாரும் இங்கேயே சமைங்க. ஒவ்வொருத்தரா! ரெண்டு அடுப்பு ஒண்ணா எரிஞ்சா தொலைச்சிடுவேன்."

சமைக்கும் முதல் வாய்ப்பு, பாத்திரத்தோடு வந்த வில்மாவுக்கே கிடைத்தது. அறை தப்பிய மகிழ்ச்சியில் அவள் சூப்பைக் கிண்டிக்கொண்டே தேம்பித் தேம்பி அழுதாள்.

கிண்ணத்தோடு பக்கத்தில் வந்து நின்ற டகன் பாத்திரத்தை எட்டிப் பார்த்தார்.

"போதும் மிஸ் வில்மா, கண்ணைத் துடைங்க. டாக்டர் எனக்கு உப்பைக் குறைக்கச் சொல்லியிருக்கார்."