குறச்சு வெள்ளம்

என் மாமனார் செத்துப்போன வருஷம் நான் கலஹாரி பாலைவனத்தைத் தமிழில் எழுதிக்கொண்டிருந்தேன். கரமனையில் ஆற்றுக்குப் பக்கத்தில் இரண்டாம் மாடியில் வீடு. வெளியே ஜூன் மாதத்து இடவப்பாதி மழை பேய்த்தனமாகக் கொட்டிக்கொண்டிருந்தது. ஆறு படித்துறையை முழுங்கிவிட்டுத் தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தது. உள்ளே ஒரு மனுஷன் ஒரு நாளைக்கு ஒரு லிட்டர் தண்ணீரில் இருந்தார். அளந்து கொடுத்தது நான். அதைச் சொல்ல எனக்கு ஒரு கூச்சமும் கிடையாது, அது டாக்டர் சொன்னது. கூச்சப்பட வேண்டியது வேறே இருக்கிறது, அதற்கும் வருகிறேன்.

டி.வி.யில் வரும் ஆவணப்படங்களுக்குத் தமிழ் வசனம் எழுதுவது என் பிழைப்பு. சென்னை ஸ்டுடியோவிலிருந்து படம் வரும், இங்கிலீஷ் ஸ்கிரிப்ட் வரும். நான் எழுதி, வாய்விட்டுப் படித்து, படத்தோடு ஓட்டிப் பார்த்து அனுப்புவேன். நாலு விநாடிக் காட்சிக்கு நாலு விநாடித் தமிழ். ஒரே வரியைப் பத்துத் தடவை படிப்பதால் வீட்டில் இருக்கிறவர்களுக்குக் காது புளித்துப்போகும். கலஹாரி படம் நாலு பாகம். முதல் பாகத்தை அனுப்பிய மறுநாளே திருப்பிவிட்டார்கள். "மேடம், பாலைவனத்தில் ஏது வெள்ளம்?" என்று கேட்டு, அடுத்து ஒரு சிரிப்புப் பொம்மை. பார்த்தால், 'குடிக்க வெள்ளம் தேடி நாற்பது மைல் நடக்கிறார்கள்' என்று எழுதி வைத்திருக்கிறேன். மானம் போயிற்று. நான் திருநெல்வேலிக்காரி. வெள்ளம் என்றால் எங்களுக்கு ஊரை அடித்துக்கொண்டு போவது. இந்த மலையாள ஊரில் வெள்ளம் என்றால் குடிக்கிற தண்ணீர், டம்ளரில் வருவது. கல்யாணமாகி வந்து இருபத்திரண்டு வருஷம் இந்த ஊர்க் காற்றைக் குடித்ததில், தண்ணீர் என்ற சொல்லே எனக்கு இரண்டாவதாகத்தான் வாயில் வருகிறது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

கலஹாரி என்றதும் நானும் எல்லாரையும் போல வெறும் மணல்மேடு என்றுதான் நினைத்திருந்தேன். அப்படி இல்லை. சிவப்பு மணல், அதன்மேல் இடுப்பளவு புல், அங்கங்கே முள்மரம். மழைகூடப் பெய்கிறது. பெய்கிறதை எல்லாம் மணல் உறிஞ்சிக்கொண்டு மேலே ஒரு சொட்டு விடுவதில்லை. அதுதான் அந்த மண்ணின் கொடுமை. அந்தப் பேருக்கே பெருந்தாகம் என்று அர்த்தமாம். அதில் ஆயிரக்கணக்கான வருஷமாக ஜனங்கள் வாழ்ந்திருக்கிறார்கள். ஈரமணலில் நாணலைச் செருகி, வாயால் மணிக்கணக்காக உறிஞ்சி, வந்த தண்ணீரைத் தான் முழுங்காமல் நெருப்புக்கோழி முட்டை ஓட்டுக்குள் துப்பிச் சேர்ப்பார்கள். ஓட்டின் ஓட்டையைப் புல்லால் அடைத்து மணலில் புதைத்து வைப்பார்கள். கோடையில் அந்த வழியாக வரும்போது தோண்டிக் குடிக்க. ஒவ்வொரு முட்டையிலும் யாருடையது என்று கீறி அடையாளம் போட்டிருக்கும். அடுத்தவன் முட்டையை ஒருத்தரும் தொடுவதில்லை. நாக்கு வறண்டு செத்தாலும் தொடுவதில்லை என்று ஸ்கிரிப்டில் இருந்தது. அந்த வரியை எத்தனை தடவை படித்தேனோ, கணக்கில்லை.

மாமனார் ஹாலில் சாய்வு நாற்காலியில் கிடந்து இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தார்.

அவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். நாகர்கோவில் பக்கத்துக் குடும்பம், பிறந்து வளர்ந்தது இங்கே. குடிநீர்க் குழாய்க்கு வால்வு திறந்து மூடுகிற வேலையில் இருந்து ரிட்டயர் ஆனவர். எந்தத் தெருவுக்கு எத்தனை மணிக்குத் தண்ணீர் என்பது அவர் கை முறுக்கில் இருந்தது. அந்த முறுக்கு வீட்டுக்குள்ளும் வரும். கல்யாணமான புதுசில் நாங்கள் இருந்த ஓட்டுவீட்டில் குளியலறைக் குழாயை மூடுகிற திருகு வெளியே இருந்தது. ஒருநாள் நான் தலை நிறையச் சீயக்காய் தேய்த்து நிற்கும்போது தண்ணீர் நின்றுவிட்டது. கதவுக்கு வெளியே அவர் குரல், ஒரு பெண்ணுக்கு ரெண்டு வாளி போரும் என்று. நான் கத்தினேன், கெஞ்சினேன், திருகைத் திறக்கவில்லை. சீயக்காய் கண்ணில் இறங்க, குளிரில் பல் கிட்ட, அரைமணி நேரம் நின்றேன். என் புருஷன் அந்த வீட்டில்தான் இருந்தார். பேப்பர் படித்துக்கொண்டிருந்தாராம். கடைசியில் சேலையால் தலையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தபோது மாமனார் என்னைப் பார்த்துச் சிரித்தார். அவருக்கு அது ஒரு தமாஷ். இருபது வருஷமாக நான் அந்தச் சிரிப்பை மனசில் முடிந்து வைத்திருந்தேன். ஆமாம், எனக்கு அப்படிப்பட்ட மனசுதான், இல்லை என்று யாரும் சொன்னதில்லை.

கடைசியில் அவருக்கு இதயம் தளர்ந்தது, கூடவே சிறுநீரகமும். கால் வீங்கிப் பானை மாதிரி ஆயிற்று. நீர் இறங்க மாத்திரை கொடுத்து, நாளைக்கு ஒரு லிட்டர்தான், காப்பி, கஞ்சி, ரசம் எல்லாம் சேர்த்து, என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். நான் ஒரு பாட்டிலில் கோடு போட்டு வைத்தேன். அதுவரை 'ஏய்' என்று என்னைக் கூப்பிட்டவர் 'மோளே', மகளே, என்று கூப்பிட ஆரம்பித்தார். ஒரு வாய், ஒரே ஒரு வாய் என்பார். அடுத்த கோடு பதினோரு மணிக்குத்தான் மாமா என்பேன். கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே உதட்டை நக்குவார். நான் அவர் எதிரில் உட்கார்ந்து காப்பி குடித்திருக்கிறேன். வேண்டுமென்றேதான். அப்போது எனக்கு வயிறு குளிர்ந்தது என்பதை மறைப்பானேன்.

மூன்றாம் பாகத்தில் சரித்திரம் வந்தது. கடல் தாண்டி வந்த ஒரு வெள்ளைக்காரப் படை, மாடு மேய்க்கும் ஒரு ஜனத்தையே சுட்டு விரட்டி அந்தப் பாலைக்குள் தள்ளியது. தள்ளிய பிறகு சுட வேண்டிய அவசியம் இருக்கவில்லை. ஓரத்தில் உள்ள ஊற்றுகளுக்குப் பக்கத்தில் ஆளை நிறுத்தினார்கள், அவ்வளவுதான். பெண்டு பிள்ளைகளோடு திரும்பி வந்தவர்களை ஊற்றில் வாய் வைக்க விடவில்லை. பிற்பாடு போய்ப் பார்த்தவர்கள், வெறும் கையால் ஆளுயரத்துக்கும் மேலே தோண்டிய குழிகளையும் அதைச் சுற்றிக் கிடந்த எலும்புகளையும் கண்டார்களாம். நான் இதை வாய்விட்டுப் படித்தேன். 'ஊற்றைக் காத்து நின்றார்கள்' என்பதா, 'ஊற்றை மறித்து நின்றார்கள்' என்பதா என்று மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருந்தேன். நாற்காலியிலிருந்து மாமனார் கேட்டார்:

"அந்தப் பட்டாளத்திலெ நீயும் உண்டாயிருந்தியோ, மோளே?"

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவருக்கும் வந்தது, ஆனால் உதடு வெடித்திருந்ததால் பாதியில் நிறுத்திக்கொண்டார்.

அதற்கு அடுத்த திங்கட்கிழமை ஆஸ்பத்திரியிலிருந்து போன். ரத்தப் பரிசோதனை வந்துவிட்டது என்று சின்ன டாக்டர் பேசினார். வேக வேகமான மலையாளம். கடைசியில், "இனி குறச்சு வெள்ளம் கொடுக்காம், கேட்டோ" என்று சொல்லி வைத்துவிட்டார். நான் சரி டாக்டர் என்றேன். சாயங்காலம் புருஷன் ஆபீஸிலிருந்து வந்ததும், தண்ணீரைக் குறைத்துக் கொடுக்கச் சொன்னார் என்றேன். டாக்டர் சொன்னால் செய்ய வேண்டியதுதானே என்று சொல்லிவிட்டு அவர் கை கழுவப் போனார். என்ன சொன்னார், எப்படிச் சொன்னார் என்று கேட்கவில்லை. அவர் எப்போது கேட்டிருக்கிறார்? பாட்டிலில் பாதியில் புதுக் கோடு போட்டேன். ஒரு லிட்டர் அரை லிட்டர் ஆயிற்று.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் மாமனாருக்குச் சோறு பிசைந்து கொடுக்கும்போது அவர் நகத்துக்குள் மண் இருந்தது. நாற்காலிக்கும் கக்கூசுக்கும் பால்கனிக்கும் தவிர வேறெங்கும் போகாத மனுஷன். எனக்கு உடனே விளங்கிவிட்டது. என்னைத் தவிர வேறு யாருக்கும் அது விளங்கியிருக்காது. பால்கனிக்குப் போய் குரோட்டன்ஸ் தொட்டியில் கையை விட்டேன். இருமல் மருந்து பாட்டில். வாயில் மூடி இல்லை, கிழிந்த வேட்டித் துணியைச் சுருட்டி அடைத்திருந்தது. உள்ளே தண்ணீர். அடுத்த தொட்டியில் ரெண்டு, செம்பருத்தித் தொட்டியில் ரெண்டு. ஐந்து பாட்டில். குளிக்கப் போகும்போது ரொப்பி, மடியில் கட்டிக்கொண்டு வந்து புதைத்திருக்கிறார். ஒவ்வொன்றிலும் லேபிளைச் சுரண்டிவிட்டு ஆணியால் ஒரு கோடு கீறியிருந்தது. நான் படித்ததை ஒரு வரி விடாமல் கேட்டிருக்கிறார், கிழவர். ஸ்டுடியோக்காரர்கள்கூட அவ்வளவு கவனமாகக் கேட்டதில்லை.

ஒரு நிமிஷம் பாட்டிலை மறுபடி மண்ணுக்குள்ளேயே வைத்துவிடலாமா என்று நினைத்தேன். ஒரு நிமிஷம்தான். பிறகு, என்னையே ஏமாற்றுகிறாரா என்று ஆங்காரம் தலைக்கேறியது. ஒவ்வொரு பாட்டிலாகத் துணியைப் பிடுங்கி, கம்பிக்கு வெளியே கையை நீட்டிக் கொட்டினேன். வெளியே மழை. மழையில் தண்ணீரைக் கொட்டுகிற பைத்தியக்காரி என்று கீழ்வீட்டுக்காரர்கள் நினைத்திருப்பார்கள். மாமனார் சுவரைப் பிடித்துக்கொண்டு நிலைவாசல்வரை வந்து நின்றார். தடுக்கவில்லை. நாலாவதைக் கொட்டும்போது வாயைத் திறந்தார்.

"அது எனக்க முட்டையாக்கும், மோளே."

ஐந்தாவதையும் கொட்டினேன்.

அதற்குப் பிறகு குளிக்கவும் கக்கூசுக்கும்கூட அவரைத் தனியே விடவில்லை. வியாழக்கிழமை காலை எழுப்பினால் எழவில்லை. நாக்கு மரப்பட்டை மாதிரி இருந்தது, கூப்பிட்டதற்கு என்னவோ வால்வு, சாவி என்று உளறினார். ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனோம். அதே சின்ன டாக்டர், கண்ணிமையை இழுத்துப் பார்த்தார், கைத்தோலைக் கிள்ளிப் பார்த்தார். கிள்ளிய தோல் அப்படியே நின்றது. மாத்திரை நீரை எல்லாம் இழுத்துவிட்டது, ஆள் வற்றிப் போயிருக்கிறார் என்று ரத்தத்தில் தெரிந்ததால்தானே போன் செய்தேன் என்றார். எவ்வளவு கொடுத்தீர்கள் என்று கேட்டார். அரை லிட்டர் என்றேன். குறச்சு கொடுக்காம் என்றுதானே சொன்னேன் என்று அவர் திரும்பத் திரும்பச் சொன்னார். இனிமேல் கொஞ்சம் தண்ணீர், அந்த ஒரு லிட்டருக்கு மேலே, கொடுக்கலாம் என்று அர்த்தம். மலையாளத்தில் குறச்சு என்றால் கொஞ்சம். தமிழ்க் காதுக்கு அது குறைச்சு. என் புருஷன் என் தோளைப் பிடித்துக்கொண்டார், நான் விழுந்துவிடுவேன் என்று பயந்து.

கையில் ஊசி குத்தி பாட்டில் பாட்டிலாக ஏற்றினார்கள். சனிக்கிழமை போய்விட்டார். இதயம் ஏற்கெனவே பழுது, இது மட்டும் காரணம் என்று சொல்ல முடியாது என்று பெரிய டாக்டர் சொன்னார். நல்ல மனுஷன், பிறத்தியாரை நோகவிடாதவர்.

சாவு வீட்டுக்கு நாகர்கோவிலிலிருந்து வந்த சொந்தக்காரர்களுக்கெல்லாம் என் புருஷன் இதைச் சொன்னார். ஒரு சொல்லால் வந்த வினை, அவள் என்ன செய்வாள் பாவம், இன்னும் அவளுக்கு மலையாளம் சரியாகப் பிடிபடவில்லை என்று. கேட்டவர்கள் உச்சுக் கொட்டினார்கள். நாத்தனார் என்னைக் கட்டிக்கொண்டு அழுதாள். இப்போதும் எங்கள் குடும்பத்தில் கல்யாணம் காட்சி என்றால் யாராவது ஒருவர் இந்தக் கதையை எடுப்பார்கள். இரண்டு பாஷைக்கு நடுவில் மாட்டிக்கொண்டவள் நான். அமாவாசைக்கு அமாவாசை என் புருஷன் அப்பாவுக்கு எள்ளும் தண்ணீரும் விடுகிறார். செம்பு நிறையத் தண்ணீர் மொண்டு வைப்பது நான்தான்.

படத்தின் நாலாம் பாகத்தைக் காரியம் முடிந்த மறுவாரம் அனுப்பினேன். வனவிலங்குச் சரணாலயம் என்று சொல்லி, முட்டையில் தண்ணீர் புதைத்த அந்த ஜனங்களை அங்கிருந்து கிளப்பியபோது அவர்களுடைய ஒரே ஆழ்துளைக் கிணற்றையும் மூடிவிட்டார்கள் என்று அதில் வந்தது. மூடினவன் எந்த ஊரில் வால்வு முறுக்கினவனோ. ஸ்டுடியோவிலிருந்து திருத்தம் ஒன்றும் வரவில்லை, இந்தத் தடவை தமிழ் சுத்தமாக இருக்கிறது என்று எழுதியிருந்தார்கள்.

இதுவரை சொன்னதில் பொய் கிடையாது. ஒன்றை மட்டும் விட்டுவிட்டேன். திங்கட்கிழமை போனில் நான் தப்பாகத்தான் கேட்டேன், சத்தியம். மழை சத்தம், வேகமான பேச்சு, என் மனசும் அப்படிக் கேட்கவே காத்திருந்தது. ஆனால் செவ்வாய்க்கிழமை காலையில் குடையைப் பிடித்துக்கொண்டு முக்குக்கடைக்குப் போனேன். காய் வாங்கிவிட்டு, இருபத்திரண்டு வருஷமாகச் சொல்கிற மாதிரியே, "சேட்டா, குறச்சு கறிவேப்பிலை" என்றேன். அவர் ஒரு கொத்து ஒடித்துப் பையில் போட்டார். நான் அங்கேயே நின்றேன். என் வாயிலிருந்து வந்த சொல் என் காதில் ஏறியது. இன்னும் என்ன வேண்டும் என்று கடைக்காரர் கேட்டார். ஒன்றும் வேண்டாம் என்றேன். போன் கையில்தான் இருந்தது, டாக்டர் நம்பர் முதலில்தான் இருந்தது.

நான் மாடிக்கு வந்தேன். பாட்டில்களைத் தோண்டிக் கொட்டியது அதற்குப் பிறகுதான். கொட்டி முடித்து அவரைக் கைத்தாங்கலாக நாற்காலியில் உட்கார வைத்தபோது, டாக்டர் வேறே ஒண்ணும் சொல்லலையா மோளே என்று கேட்டார். நான் அவர் முகத்தைப் பார்த்து, ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி, எங்கள் ஊர்த் தமிழில் சொன்னேன்.

"இல்ல மாமா. கொறைக்கத்தான் சொன்னாரு."