அந்த இரண்டு நிமிடக் கோபம்

எங்கள் அப்பா சுன்னாகத்தில் ஏழு பிள்ளைகளில் ஆறாவதாகப் பிறந்தார். பனியை அவர் முதன்முதலாகக் கண்டது இருபத்திரண்டு வயதில், சுவிற்சர்லாந்தில், அகதியாக. அங்கே கிடைத்த முதல் வேலை, ஓர் ஐஸ் ஹொக்கி அரங்கில் இருக்கைகளைத் துப்புரவு செய்வது. ஆட்டம் முடிந்த பிறகு வந்தால் போதும் என்றாலும், தொடங்கும் முன்பே போய் நிற்பாராம். "உந்தக் குளிருக்கை ஓடினாத்தான் சூடு வரும், அதுதான் உவங்கள் அடிபடுறாங்கள்" என்று அம்மாவுக்கு விளக்கம் வேறு. அந்தப் பைத்தியத்துடன்தான் அவர் லண்டனுக்கு வந்து, ஸ்ட்ரெதமில் கடை போட்டார்.

புதிதாக வந்தவர் யாராவது குரோய்டன் குடிவரவு அலுவலகத்துக்கு வழி கேட்டால், கடையைப் பூட்டிவிட்டுக் கூடவே போவார். பிறருக்காக ஓடிய அப்பா, தனக்காக யாரையும் ஓடவிட்டதில்லை.

மற்றப் பிள்ளைகள் சனிக்கிழமை வீணைக்கும் பரதத்துக்கும் போனபோது, அப்பா என்னை ஐஸ் அரங்குக்குக் கூட்டிப் போனார். "பொம்பிளைப் பிள்ளையின்ரை பல்லு உடைஞ்சா ஆர் கட்டுவான்?" என்று கேட்டவர்களும் இந்த நினைவு மலரை வாசிப்பீர்கள். "பல்லுக் கட்டலாம்தானே" என்பார் அப்பா. பன்னிரண்டு வயதுவரை என் சப்பாத்துக் கயிற்றை அவர்தான் இழுத்துக் கட்டினார்.

போன இலையுதிர் காலத்தில், பெண்களுக்கும் சம்பளம் கொடுக்கும் ஐஸ் ஹொக்கி லீக் ஒன்று முதல் தடவையாகத் தொடங்கியது. வடக்கே ஓர் ஊரின் அணி என்னைத் தடுப்பாட்டத்துக்கு எடுத்தது. முதல் பருவம், எல்லாமே அரைகுறை. உடைமாற்றும் அறையில் சுடுதண்ணீர் வராது. ஆட்ட நேரம் முந்தின நாள்தான் தெரியவரும். அப்பாவோ என் ஒப்பந்தக் கடிதத்தைப் படமெடுத்து, கலியாண வீடுகளில் போனில் காட்டித் திரிந்தார். முதல் ஐந்து ஆட்டங்களுக்கும் மப்ளரும் தேத்தண்ணிப் போத்தலுமாக ரயிலேறி வந்தார். பிறகு வரவில்லை.

கேட்டால், "அப்பா கோயிலுக்குப் போட்டார் பிள்ளை" என்பார் அம்மா. ஆர்ச்வே முருகனிடம் வருடத்துக்கு ஒரு முறை, அதுவும் தேருக்கு மட்டும் போகிற மனிதர், வாரத்தில் மூன்று நாள் போகிறார் என்றால் எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். கோபம்தான் வந்தது. இறுதி ஆட்டத்துக்கு முந்திய கிழமை அப்பா இரண்டு முறை அழைத்தார். நான் எடுக்கவில்லை.

அந்த ஆட்டம் கடைசிவரை சமநிலையில் இருந்தது. அப்பா வழக்கமாக இருக்கும் இடத்தைப் பார்த்தேன். வேறு யாரோ இருந்தார். அடுத்த கணம், என்னைக் கடந்துபோன பெண்ணைத் தேவையே இல்லாமல் தடியால் இழுத்து விழுத்தினேன். தண்டனையாக இரண்டு நிமிடம் வெளியே இருத்தினார்கள். அதற்குள் கோல் விழுந்தது. தோற்றோம்.

மறுநாள், பருவம் தொடங்கிய பிறகு முதல் தடவையாக, வீட்டுக்கு வந்தேன். முன்னறையில் அப்பா போர்வைக்குள் இருந்தார். தலையில் முடியே இல்லை. ஐந்து மாதமாகப் புற்றுநோய். "பிள்ளையின்ரை முதல் சீசன், குழப்பக்கூடாது" என்று எல்லோரிடமும் சத்தியம் வாங்கியிருந்தார். பாரிஸ் சித்திக்குத் தெரியும். சின்ன மாமாவுக்குத் தெரியும். கடைக்கு மீன் போடுகிறவருக்கும் தெரியும். எனக்கு மட்டும் தெரியாது.

நான் வாய் திறக்குமுன் அப்பா சொன்னார்: "ஆஸ்பத்திரியிலை இருந்து எல்லா மட்சும் போனிலை பாத்தனான். வடிவா விளையாடினனீ. கடைசியிலை மட்டும் ஏன் பிள்ளை கோவப்பட்டனீ?"

"தெரியேல்லை அப்பா."

"உனக்குத் தெரியும்" என்றார்.

அதன் பிறகு பதினேழு நாள் இருந்தார். ஒரு நாளாவது என்னால் சொல்ல முடியவில்லை. உங்களில்தான் கோபம் அப்பா. நீங்கள் வரவில்லையே என்றுதான்.

அப்பா மறைந்து முப்பத்தோராம் நாளாகிய இன்று நன்றி சொல்வது என் கடமை. அப்பாவை மருத்துவமனைக்கு ஏற்றி இறக்கிய சின்ன மாமாவுக்கும், கஞ்சி காய்ச்சிக் கொண்டுவந்த அயலவர்களுக்கும், தனியே அழுதுவிட்டு என்னோடு போனில் சிரித்துப் பேசிய அம்மாவுக்கும், அப்பாவுக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றிய உங்கள் எல்லோருக்கும் நன்றி. அந்தக் கடைசி நன்றியை எழுத எனக்கு மூன்று நாள் பிடித்தது. இன்னும் முழு மனதோடு எழுதவில்லை.

ஒரே ஒரு வேண்டுகோள். இனி எங்கள் குடும்பத்தில் யாருக்காவது சுகமில்லை என்றால் எனக்குச் சொல்லுங்கள். ஆட்டம் நடுவில் நின்றாலும் பரவாயில்லை, அழையுங்கள். நான் எடுப்பேன்.

மகள்