யும்னா நடந்த பன்னிரண்டு வினாடி

இன்சூரன்ஸ் கம்பெனிக்காக வேவு பார்ப்பது என் பிழைப்பு. பெயர் காளீஸ்வரன். வயது நாற்பத்தேழு; தொப்பைக்கு இன்னும் கொஞ்சம் கூட இருக்கும். விபத்தில் அடிபட்டு நஷ்டஈடு கேட்பவர்கள் நிஜமாகவே நொண்டுகிறார்களா என்று யாருக்கும் தெரியாமல் பார்த்து, செல்போனில் படம் பிடித்துக் கொடுக்க வேண்டும். யாருக்கும் தெரியாமல் என்பது கம்பெனியின் நினைப்பு. ஒருமுறை மனை பார்க்க வந்தவன் போல ஓர் ஊருக்குள் நுழைந்தேன். டீக்கடைக்காரர், "இன்சூரன்ஸ்காரரா? அடிபட்டவன் வீடு அந்தா, மூணாவது" என்று கை காட்டினார். அப்பேர்ப்பட்ட சூரன் நான்.

இரண்டு வருடத்துக்கு முன் என்னைத் திருப்பாலைக்குடிக்கு அனுப்பினார்கள். அங்கே யும்னா என்று பதினொரு வயதுப் பெண். பள்ளிக்கூடம் விட்டு ரோட்டைக் கடக்கும்போது லோடு வேன் அடித்து இடது முழங்கால் நொறுங்கியிருந்தது. வளர வளர இன்னும் இரண்டு ஆபரேஷன் செய்தாக வேண்டும், நஷ்டஈடு வந்தால்தான் அதற்கு வழி. அவள் நன்றாக நடக்கிறாள் என்று காட்டி அந்த வழியை அடைப்பது எனக்கு இட்ட வேலை.

இந்த முறை பள்ளிப் பிள்ளைகளைக் கணக்கெடுக்க வந்தவன் வேஷம். கையில் ஓர் அட்டை, சட்டைப் பையில் கேமரா மட்டும் வெளியே எட்டிப் பார்க்கிற செல்போன். அவளுடைய உம்மா நஃபீசா கதவைத் திறந்தார்.

"புள்ளைக்குக் கால்ல ஏதோ கோளாறுன்னு சொன்னாகளேம்மா?"

நஃபீசாவின் முகம் சுண்டிப்போனது. "யாரு சொன்னா? நாளைக்கு இன்னொரு வீட்டுக்குப் போற பொம்பளப் புள்ளய இப்பிடியா பேசுறது? எம்புள்ளைக்கு ஒண்ணுமில்லண்ணே. ஏ யும்னா, அந்த முருங்க மரம் வரைக்கும் நடந்து காட்டும்மா."

யும்னா நடந்தாள். உதட்டைக் கடித்துக்கொண்டு, நொண்டாமல், நேராக நடந்தாள். பன்னிரண்டு வினாடி. என் வேலை முடிந்தது, கிளம்பியிருக்கலாம். நஃபீசா சர்பத் கலக்கிக் கொடுத்தார். ஓசி என்றால் விடுகிற ஆளா நான்? உட்கார்ந்துவிட்டேன். உள்ளே அந்தப் பிள்ளை அழுதது.

"உம்மா, வலி தாங்க முடியல. அந்த ஆளு போயிட்டாரா?"

"சத்தம் போடாத தங்கம். வெளியாளு முன்னாடி நொண்டக் கூடாது. அவரு போகட்டும், எண்ணெ தேச்சு விடுறேன்."

சர்பத் எனக்குத் தொண்டையில் இறங்கவில்லை என்று எழுதத்தான் ஆசை. நன்றாக இறங்கியது. இன்னொரு தம்ளரும் கேட்டு வாங்கிக் குடித்தேன். சீ, என்ன ஜென்மம்!

ராமநாதபுரம் கோர்ட்டில் என்னைக் கூண்டில் ஏற்றி, நான் வெட்டிக் கொடுத்திருந்த அந்தப் பன்னிரண்டு வினாடியைப் போட்டுக் காட்டினார்கள். நஃபீசாவின் வக்கீல் ஜெயசுதா, சின்ன வயதுப் பெண், என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"இவ்வளவுதான் எடுத்தீங்களா? இல்ல, அதுக்கு மேல எடுக்கத் தெரியலையா?"

யாரோ சிரித்தார்கள். எனக்குச் சுர்ரென்று ஏறிவிட்டது. "யாருக்குத் தெரியாது? பதினாலு நிமிசம் ஓடியிருக்கு! முழுசும் இந்தப் போன்லதான் கெடக்கு!"

கம்பெனி வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். மனசாட்சி உறுத்தி உண்மையைச் சொல்லிவிட்டதாக என் மனைவி முருகலட்சுமியிடம் சொன்னேன். அவள் நம்பவில்லை. வெறும் ரோசம்தான். அந்தப் பதினாலு நிமிசமும் போனை நிறுத்த மறந்ததால் ஓடியது என்பதை அவளிடம் சொல்லவே இல்லை.

முழுவதையும் போடச் சொன்னார் ஜட்ஜ். நான் உட்கார்ந்ததும் போன் பைக்குள் சரிந்து படம் இருட்டாகிவிட்டது. நான் சர்பத் உறிஞ்சுகிற சத்தம் மட்டும் கேட்டது, அப்புறம் அந்த அழுகை. நஃபீசா முக்காட்டால் வாயைப் பொத்திக்கொண்டு, "நாந்தானே நடக்கச் சொன்னேன்" என்று விம்மினார். அப்போதுதான் எனக்கு வெட்கமாக இருந்தது.

மூன்று மாதம் கழித்துத் தீர்ப்பு. கம்பெனி என்னைக் கைகழுவிவிட்டதால் சும்மாதானே இருக்கிறோம் என்று நானும் போய்ப் பின்னால் நின்றேன். டாக்டர் எழுதிய ஊனத்தில் ஒரு சதவீதமும் குறைக்கவில்லை. இரண்டு ஆபரேஷன் செலவையும் சேர்த்தே கொடுக்கச் சொன்னார் ஜட்ஜ்.

வராந்தாவில், நஃபீசாவின் தோளைப் பிடித்துக்கொண்டு யும்னா நொண்டி நொண்டி வந்தாள். என்னைக் கண்டாள். சட்டென்று தோளிலிருந்து கையை எடுத்தாள். முதுகை நிமிர்த்தி, காலை நேராக ஊன்றி நடக்கத் தொடங்கினாள்.

"வேணாம்த்தா, மெதுவாப் போ" என்றேன். அவள் கேட்கவில்லை. கோர்ட் வாசல் கேட்டுக்கு இன்னும் முப்பது அடியாவது இருக்கும்.

நான் திரும்பிச் சுவரைப் பார்த்து நின்றுகொண்டேன். சற்று நேரத்தில் ஒரு செருப்பு தரையில் இழுபடுகிற சத்தம் கேட்டது. அது கேட்டைத் தாண்டும் வரை நான் திரும்பவில்லை.