நோ பால் வாத்தியார்

எதிர்வீட்டு வக்கீல் புது கிரிக்கெட் மட்டைக்கு எண்ணெய் தேய்த்து வாசலில் சாய்த்து வைத்திருக்கிறார். ஆளிவிதை எண்ணெயின் வாசனை தெருவைக் கடந்து வந்ததும் என் வலது கை தானாக ஜிப்பாப் பைக்குள் போய் ஒளிந்துகொண்டது. சிரிக்காதீர்கள். அந்தக் கைக்கு இன்னும் வெட்கம் போகவில்லை.

திருவனந்தபுரத்தில் மகாராஜா ஆண்ட காலம். கரமனையில் எங்கள் வீடு. பகலில் கோர்ட்டில் நகல் எழுதுவேன். சாயங்காலம் கிளப்புக்காக வேகப்பந்து வீசுவேன். என் நகல்களில் இருந்த பிழைகளை மேலதிகாரிகள் பொறுத்துக்கொண்டதே என் பந்துவீச்சுக்காகத்தான் என்று ஒரு பேச்சு உண்டு. பொய்யென்று சொல்லமாட்டேன்.

ஒரு தடவை மதராஸிலிருந்து ஓர் அணி வந்தது. ஊரே மைதானத்தைச் சுற்றி உட்கார்ந்திருந்தது. நாகர்கோவிலிலிருந்து மாமனார் வேறு, ஜரிகை அங்கவஸ்திரத்தோடு. முதல் பந்தை வீசினேன். பக்கவாட்டில் நின்ற அம்பயர் கையை நீட்டி, "நோ பால்!" என்றார். காலைப் பார்த்தேன். கோட்டைத் தாண்டவில்லை. அடுத்ததும் நோ பால். அதற்கடுத்ததும். கடைசியில் அவரே கிட்டே வந்து என் முழங்கையைத் தொட்டுக் காட்டினார். நான் வீசவில்லையாம், கையை மடக்கி நிமிர்த்தி, மாங்காய்க்குக் கல்லெறிவதுபோல் எறிகிறேனாம். காப்டன் பந்தை வாங்கிக்கொண்டார். மிச்ச நேரமெல்லாம் எல்லைக்கோட்டோரம் நின்றேன். நான் நின்ற இடம் மாமனாருக்கு நேர் முன்னால். அவர் தன் வெற்றிலைப் பெட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உப்புமா கிளறற கையும் மடங்கித்தான் இருக்கு. யாரும் நோ பால்னு கத்தலையே" என்று மனைவி சமாதானம் சொன்னாள். அப்பாவோ கோவிலுக்குத் தெரு வழியாகப் போவதை விட்டு ஆற்றங்கரையைச் சுற்றிப் போக ஆரம்பித்தார். அதுதான் என்னைக் கொன்றது.

கொஞ்ச நாளில் கிளப் செயலாளர், ஒரு மலையாளி, கூப்பிட்டனுப்பினார். "ஸ்வாமி, இனி எறியண்டா. பையன்மார் எறியாம இருக்கப் படிப்பிச்சா மதி, அது போதும். சம்பளம் உண்டு."

கோர்ட் வேலையை விட்டேன். கோணல் கைக்காரன், நேர்க் கை சொல்லிக்கொடுக்கும் வாத்தியாரானேன். நோ பால் வாத்தியார் என்று முதுகுக்குப் பின்னால் பெயர். முதல் நாளே ஒருவன், "ஒண்ணு போட்டுக் காட்டுங்கோ சார்" என்றான். மற்றவர்கள் தரையைப் பார்த்தார்கள். கையைப் பைக்குள் விட்டுக்கொண்டு, "நான் சொல்றதுக்குத்தான், காட்டறதுக்கில்லை" என்றேன். அன்றிலிருந்து அது பைக்குள்ளேயே உத்தியோகம் பார்த்தது.

ஒரு சாயங்காலம் அப்பா மைதானத்துக்கு வந்தார். பயிற்சி முடியும்வரை நின்று பார்த்தார். திரும்பி வரும் வழியில் திடீரென்று சொன்னார்:

"உன் கை நிமிராதுடா. பால்குடி மறக்காத வயசில கட்டில்லேந்து விழுந்தே. ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கோன்னு உங்கம்மா கெஞ்சினா. ஆபீசுக்கு நேரமாச்சுன்னு வழியில ஒரு வைத்தியன்கிட்ட கட்டுப்போட்டுண்டு வந்தது நானாக்கும். எலும்பு கோணலா கூடிடுத்து. மேட்ச் அன்னிக்குக் கூட்டத்தில நானும் இருந்தேன். அம்பயர்கிட்ட வந்து சொல்லியிருக்கணும். அத்தனை பேர் பாக்கறாளேன்னு நாக்கு எழும்பல்லை."

பிறவி வளைவு என்றுதான் நான் நினைத்திருந்தேன். என்னால் தலைகுனிந்துதான் அவர் ஆற்றங்கரையில் நடந்தார் என்றும். "போறும்ப்பா, வீட்டுக்குப் போலாம்" என்றேன். அவரை அப்படிப் பேசவைத்துவிட்டோமே என்று, பட்ட அவமானத்தோடு இன்னொரு வெட்கமும் சேர்ந்துகொண்டது.

அந்த மழைக்காலத்திலேயே அப்பா போய்விட்டார். பிறகு கிளப் கலைந்தது, சமஸ்தானமும் போயிற்று. மைதானத்தில் இப்போது வரிசையாக வீடுகள். என்னிடம் படித்தவர்கள் எந்தெந்த ஊரிலோ. என் கை எறியவில்லை, அது நிமிராத கை என்று எல்லோர் முன்னாலும் சொல்ல இப்போது தைரியம் இருக்கிறது. அன்று பார்த்தவர்களில்தான் ஒருவரும் இல்லை.