வெர்லீனைக் காட்டிக்கொடுத்த பாட்டு

1974 கோடையில் அலபாமாவில் அந்தப் பாட்டு ஒலிக்காத ரேடியோ இல்லை. ‘டஸ்டி க்ரீக்’ ராக் குழுவின் முதல் இசைத்தட்டு. மூன்று கிடார்களும் ஒன்றையொன்று துரத்தும். ஊரே அதைத் தலையில் தூக்கிவைத்து ஆடியது. வெர்லீன் மட்டும் அது வந்தாலே ரேடியோவை அணைத்துவிடுவாள்.

பாடியவன் அவள் தம்பி டோபி. ஜார்ஜியாவில் குடித்துவிட்டு அடித்த புருஷன் ராய்டெலிடமிருந்து, உடைந்த விலா எலும்போடு அவள் ஓடிவந்த கதைதான் பாட்டு. பாசத்தில் எழுதினான், யார் இல்லையென்றது? ஆனால் மூளை என்று ஒன்று வேண்டாமா? அவள் ஒளிந்திருக்கும் ஊரின் சேவல் படம் போட்ட தண்ணீர்த் தொட்டி, அவள் வேலை பார்க்கும் காலுறை ஆலை, குடியிருக்கும் சலவைக்கடை மாடியில் நீலக் கதவு என்று அத்தனையையும் பாட்டில் வைத்திருந்தான். அவள் பெயரை மட்டும் சொல்லவில்லையாம். பெரிய சாமர்த்தியம்!

அவள் போனில் அழுதபோது டோபி சிரித்தான்.

“அக்கா, அத்தான் நாட்டுப்புறப் பாட்டு மட்டுந்தான் கேப்பாரு. எங்க சத்தமெல்லாம் அவருக்கு ஆகாது. சும்மா பயப்படாதே.”

ஆலையில் பக்கத்து மெஷின்காரிகள் அதையே முணுமுணுத்தார்கள். பாட்டில் வருகிறவள் இவள்தான் என்று யாரும் சந்தேகப்படவில்லை. புருஷன் வியட்நாமில் செத்துப்போனான் என்றுதான் ஊரில் சொல்லியிருந்தாள். வாசலில் எந்த வண்டி நின்றாலும் ஜன்னலுக்கு ஓடி எட்டிப் பார்ப்பாள்.

ஒரு சனிக்கிழமை மதியம். மாடியில் துணி தேய்த்துக்கொண்டிருந்தாள். கீழே சலவைக்கடையில் ரேடியோ அலறியது. நேயர் விருப்பம் நடந்துகொண்டிருந்தது.

“அடுத்த பாட்டைக் கேட்டிருக்கிறவர் ராய்டெல்! தன் மனைவி வெர்லீனுக்காகக் கேக்கறாரு. அவங்களைத் தேடி நம்ம ஊருக்கே வந்துட்டாராம்! தண்ணித் தொட்டிக்குக் கீழ நின்னுதான் போன் பண்றாரு. என்ன காதல் பாருங்க!”

இஸ்திரிப்பெட்டியை அப்படியே போட்டாள். டோபியின் பாட்டு, அந்த மூன்று கிடார்களோடு தொடங்கியது. ஜன்னல் வழியே பார்த்தாள். தெருமுனையில் ராய்டெலின் பச்சை நிற லாரி திரும்பிக்கொண்டிருந்தது. வெளிப்படியில் இறங்கினால் அவன் கண்ணில் படுவாள். உள்படி வழியாகக் கடைக்குள் ஓடினாள்.

அங்கே ஐந்தாறு பெண்கள் துணி மடித்துக்கொண்டிருந்தார்கள். கடைக்காரி ஓபல் கேலியாகச் சிரித்தாள்.

“ஏண்டி வெர்லீன், ரேடியோவுல உன் பேரைச் சொல்றான்! செத்த புருஷன் போன் பண்றானா?”

“சாகலை, ஓபல். பொய் சொன்னேன். அந்தப் பாட்டுல வர்றவ நான்தான். அவன் என்னைக் கொன்னுடுவான்.”

 ஓபல் வாசல் கதவைப் பூட்டிவிட்டு ஷெரிப்புக்குப் போன் செய்தாள். அதற்குள் வெளிப்படியில் பூட்ஸ் சத்தம் ஏறியது. மேலே மரம் முறிந்தது. நீலக் கதவுதான். எல்லாப் பெண்களும் கூரையைப் பார்த்தார்கள். அறைக்குள் அவன் நடப்பது அடி அடியாகக் கேட்டது. கட்டில் பக்கம் போனான். நின்றான். பிறகு சத்தம் உள்படிக்கு வந்தது.

“மேசையைத் தள்ளுங்கடி!” என்று ஓபல் கத்தினாள்.

துணி மடிக்கும் மேசையை உள்படிக் கதவின்மேல் சாய்த்து, அத்தனை பேரும் முதுகு கொடுத்தார்கள். நடுவில் வெர்லீன். 

“வெர்லீன்! நீ இருக்கிற இடத்தை உன் தம்பியே சொல்லிட்டான்டி! கதவைத் தொற!”

ஒவ்வொரு உதையும் அவள் பழைய விலா எலும்பில் விழுந்தது. பாட்டு முடிந்தது, விளம்பரம் வந்தது, இன்னொரு பாட்டும் வந்தது. கதவின் மேல்கீல் பெயர்ந்த பிறகுதான் ஷெரிப்பின் சைரன் கேட்டது.

அவனுக்கு எட்டு மாதச் சிறை. அவ்வளவுதான் கொடுத்தார்கள், புண்ணியவான்கள்.

டோபி ஓடிவந்தான். அவள் காலடியில் உட்கார்ந்து தேம்பினான்.

“இனிமே மேடையில அந்த அடையாளமெல்லாம் வர்ற வரியை மாத்திப் பாடறேன்க்கா. சத்தியமா.”

“லட்சம் தட்டு வித்தாச்சேடா. வீடு வீடாப் போய் மாத்துவியா?”

அவனுக்கு வறுத்த கோழியும் சோள ரொட்டியும் போட்டாள். சாப்பிடும்வரை தலையைத் தடவிக்கொண்டிருந்தாள். அந்த வாரமே வேறு ஊருக்குப் போய்விட்டாள். எந்த ஊர் என்று தம்பியிடம் சொல்லவில்லை.