ஐந்து இருபத்தாறுக்குள் ராஜகிரி

1. பத்து ஐம்பது

பஸ் எட்டரைக்கு வர வேண்டும். பத்து ஐம்பதுக்கு வந்தது. அந்த இரண்டு மணி இருபது நிமிஷமும் நான் செஞ்சிக் கோட்டை வாசலில் நின்றுகொண்டிருந்தேன். திருவண்ணாமலை போகிற பஸ் ஐந்து, கட்டை வண்டி பதினேழு, கரும்பு லாரி மூன்று என்னைக் கடந்து போயின. எண்ணுவது எனக்குப் பழக்கம். பயம் வந்தால் இன்னும் அதிகமாக எண்ணுவேன்.

இது அறுபதுகளின் நடுவில், ஒரு பிப்ரவரி ஞாயிற்றுக்கிழமை நடந்தது. மெட்ராஸிலிருந்து ஒரு நாள் டூர் நடத்தும் ஒரு கம்பெனியில் எனக்கு லோக்கல் கைடு வேலை. எஸ்.எஸ்.எல்.சி. முடித்து நான்கு வருஷம் தாற்காலிக வேலைகளில் அலைந்த பிறகு கிடைத்த வேலை அது. சேர்ந்து எட்டு மாதம்தான் ஆகியிருந்தது. பஸ் மெட்ராஸிலிருந்து ஆட்களை ஏற்றி வரும். கோட்டை வாசலில் நான் ஏறிக்கொள்வேன். கோட்டையையும் பக்கத்து ஊர்களையும் காட்டிவிட்டு, இருட்டியதும் வழியனுப்பி வைப்பேன்.

அன்று முதலில் இறங்கியவர் கம்பெனி மேனேஜர். அவர் வழக்கமாக டூரில் வருபவர் அல்ல. என்னைப் பார்க்கத்தான் வந்திருந்தார். டயர் இரண்டு தடவை பஞ்சர் என்று டிரைவர் காதர் பாய் சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவர் என்னைத் தனியாக அழைத்தார்.

"இன்னிக்கும் இவங்க பட்டினியா திரும்புனாங்கன்னா செஞ்சிய லிஸ்ட்லருந்து எடுத்துடுவேன். செஞ்சி இல்லன்னா செஞ்சி கைடும் இல்ல. புரியுதா?"

புரிந்தது. ஏன் 'இன்றைக்கும்' என்றார் என்பதைச் சொல்லிவிட வேண்டும்.

2. ஜனவரியில் செய்த தப்பு

வந்திருந்தவர்கள் ஜைனக் குடும்பத்தார். தொண்டூர், மேல்சித்தாமூர் பக்கம் பூர்வீகம். வியாபாரத்துக்காக மெட்ராஸில் குடியேறியவர்கள். சின்ன வயதில் வயல் வரப்பிலிருந்து செஞ்சி மலையைத் தினமும் பார்த்தவர்கள், ஆனால் பெரும்பாலானவர்கள் ஏறியதில்லை. அவர்களுக்குத் தலைவர் ஜினதத்த நயினார், அரிசி மண்டி வைத்திருந்தார்.

ஜனவரியிலும் இதே கூட்டம் வந்தது. அப்போது முப்பத்தாறு பேர். எங்கள் பக்கம் நயினார்கள் என்று சொல்லும் ஜைனர்கள் பொழுது சாய்ந்தபின் சாப்பிட மாட்டார்கள் என்பது செஞ்சிக்காரன் எவனுக்கும் தெரியும். எனக்கும் தெரியும். பஞ்சாங்கத்தைப் பார்த்தேன், அஸ்தமனம் ஆறு மணி என்று போட்டிருந்தது. மாலை ஐந்து முப்பத்தைந்துக்கு இலை போட்டால் போதும் என்று புரோகிராமில் எழுதினேன். அந்த நேரத்துக்குள் வந்து சேர வேண்டுமே என்ற பதற்றத்தில் பாதி மலையிலேயே எல்லாரையும் திருப்பிக் கீழே இறக்கிவிட்டேன்.

எழுதியபடியே ஐந்து முப்பத்தைந்துக்கு இலை போட்டேன். வெயில் இன்னும் சுவரில் அடித்துக்கொண்டிருந்தது. நான் பெருமையாக நின்றேன். நயினாரின் அக்கா சாந்தம்மாள் இலையைப் பார்த்தார், ஜன்னல் வழியே வெளியே பார்த்தார், எழுந்துவிட்டார். அவருக்குப் பின்னால் வரிசையாக எழுந்தார்கள். உட்கார்ந்து சாப்பிட்டது ஒன்பது பேர், அதில் ஏழு பேர் குழந்தைகள்.

சூரியன்தான் இருக்கிறதே என்று நான் வாதம் செய்தேன். அது இரண்டாவது தப்பு. சாந்தம்மாள் பொறுமையாகச் சொன்னார். சூரியன் மறைவதற்கு இரண்டு நாழிகை முன்னாலேயே சாப்பாட்டை முடித்துக் கை கழுவிவிட வேண்டும், அதுதான் அவர்கள் வழக்கம். இரண்டு நாழிகை என்றால் நாற்பத்தெட்டு நிமிஷம். அதற்கப்புறம் மறுநாள் காலைவரை ஒன்றும் கிடையாது.

ஊர் முழுக்க நயினார்களோடு வளர்ந்தவன் நான். இரவில் சாப்பிட மாட்டார்கள் என்பதை வைத்துக்கொண்டு, எது இரவு என்பதை அவர்களைக் கேட்காமல் பஞ்சாங்கத்தைக் கேட்டேன். இருபத்தேழு பேர் பசியோடு பஸ் ஏறினார்கள். ஏறும்போது ஜினதத்த நயினார் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: "மலையும் போச்சு, சோறும் போச்சு. நல்லா காட்டுனப்பா செஞ்சிய."

மேனேஜர் அவர்களிடம் மன்னிப்புக் கேட்டு, அடுத்த மாதம் மறுபடி அழைத்துப் போவதாக வாக்குக் கொடுத்திருந்தார். அதனால்தான் இந்த ஞாயிற்றுக்கிழமை. இப்போது நாற்பத்தொரு பேர்.

3. கீழிருந்து மேலே எழுதிய புரோகிராம்

இந்தத் தடவை நான் புரோகிராமைக் கடைசியிலிருந்து எழுதியிருந்தேன். அன்று அஸ்தமனம் ஆறு பதினான்கு. நாற்பத்தெட்டு நிமிஷம் கழித்தால் ஐந்து இருபத்தாறு. நிதானமாகச் சாப்பிட முப்பத்தாறு நிமிஷம், ஆகவே நான்கு ஐம்பதுக்கு இலை. சாப்பாடு மேல்சித்தாமூர் ஜைன மடத்தில். அங்கே கோயிலில் தரிசனம் முடிக்காமல் உட்கார மாட்டார்கள், அதற்கு இருபத்தைந்து நிமிஷம். செஞ்சியிலிருந்து பஸ் ஓட நாற்பது. ஆக, மூன்று நாற்பத்தைந்துக்குக் கோட்டையை விட்டு பஸ் கிளம்பியே ஆக வேண்டும். முதல் நாளே மடத்துக்குப் போய் நேரத்தைச் சொல்லிவிட்டு, அவர்கள் குடிக்கிற வடிகட்டிக் காய்ச்சிய தண்ணீர் இரண்டு குடம் கோட்டை வாசலுக்கு வரவும் ஏற்பாடு செய்திருந்தேன்.

எட்டரைக்கு பஸ் வந்திருந்தால் எல்லாம் சரி. பத்து ஐம்பதுக்கு வந்ததால் கையில் இருந்தது இருநூற்றுத் தொண்ணூற்றைந்து நிமிஷம். மலைக்கும் கீழே உள்ள கட்டடங்களுக்கும் சேர்த்து நான் எப்போதும் எடுத்துக்கொள்வது முந்நூற்று எண்பது.

மேனேஜர் தயங்கவில்லை. "மலைய விட்டுடு. கல்யாண மகாலக் காட்டு, நெற்களஞ்சியத்தக் காட்டு, கெளம்பு."

ஜினதத்த நயினார் அதைக் கேட்டுவிட்டார். என்னிடம்தான் பேசினார், மேனேஜரிடம் பேசவில்லை. "இன்னா கைடு, இந்த தடவ சோறு மட்டும்தானா? மலை எப்போ, அடுத்த மாசமா?"

யாரோ சிரித்தார்கள். நான் சட்டைப் பையிலிருந்த நோட்டை எடுத்தேன். எட்டு மாதத்தில் ஒவ்வொரு டூரிலும் எங்கே எத்தனை நிமிஷம் போனது என்று எழுதி வைத்திருந்தேன். காதர் பாய் இதற்காகவே என்னைக் 'கணக்கு' என்று கூப்பிடுவார். நோட்டைப் பார்த்தபோது ஒரு விஷயம் தெரிந்தது. ராஜகிரி மலையில் நேரம் போவது ஏறுவதில் அல்ல. தலை எண்ணுவதற்காக நிறுத்தி, பின்தங்கியவர்களுக்காகக் காத்து, நடுவில் ஒருவர் நகர்ந்துவிட்டதால் மறுபடி எண்ணி, இப்படியே நாற்பத்தைந்து நிமிஷம் போகிறது. கீழே கட்டடங்களில் நேரம் போவது பார்ப்பதில் அல்ல. என் பேச்சில் அறுபத்தைந்து நிமிஷம் போகிறது. இரண்டும் சேர்ந்து நூற்றுப்பத்து. எனக்குக் குறைவது எண்பத்தைந்து.

நேரத்தை இதுவரை தின்றது நான்தான்.

"ரெண்டும் உண்டு நயினார்," என்றேன். "ஆனா ஒரு ஒத்தாசை வேணும்."

நாற்பத்தொரு பேரும் ஒன்பது வீட்டார். இனி நான் தலை எண்ண மாட்டேன், அவரவர் வீட்டை அவரவர் எண்ணிக்கொள்ள வேண்டும், நான் வீட்டு நம்பரைக் கூப்பிட்டால் ஒரு குரல் வந்தால் போதும் என்றேன். மேனேஜர் தலையில் கை வைத்துக்கொண்டார். ஆள் தொலைந்தால் யார் பொறுப்பு என்றார். நான்தான் என்றேன். பிறர் எண்ணிச் சொன்னதை அதுவரை நான் நம்பியதே இல்லை. ரேஷன் கடைக்காரர் எண்ணிக் கொடுத்ததைக்கூட வீட்டில் மறுபடி எண்ணுகிறவன்.

4. இருபத்தொன்று

பத்து ஐம்பத்தெட்டுக்கு ஏற ஆரம்பித்தோம். வெயில் ஏறிக்கொண்டிருந்தது. எல்லார் தலையிலும் ஈரத் துண்டு. மூச்சு வாங்க எப்படியும் மூன்று இடத்தில் உட்கார்ந்துதான் ஆக வேண்டும். நின்று சொல்லும் கதையையெல்லாம் அந்த மூன்று இடங்களுக்கு மாற்றினேன். அங்கிருந்து பார்த்தால் கீழ்க்கோட்டை முழுவதும் ஒரு தட்டில் வைத்தது போலத் தெரியும். கல்யாண மகாலின் அடுக்குகள், களஞ்சியத்தின் வளைந்த கூரை, யானைக் குளம், தூரத்தில் வெங்கட்ரமணர் கோயில் கோபுரம், அதற்கு அந்தப் பக்கம் பழைய பள்ளிவாசல், எதிரே கிருஷ்ணகிரி மலை. ஒவ்வொன்றையும் கையால் காட்டி மேலேயே சொல்லி முடித்தேன். கீழே போனால் பார்க்க மட்டும்தான் வேலை. எட்டு மாதமாக நான் சொல்லிவந்த வரலாறு அன்றுதான் கேட்டவர்களுக்கு ஒழுங்காகப் புரிந்தது என்று நினைக்கிறேன். எது எதற்குப் பக்கத்தில் இருக்கிறது என்று தெரிந்தால் பாதி வரலாறு தானாக விளங்கிவிடுகிறது.

"வீடு ஒண்ணு" என்றால் "இருக்குது" என்று வரும். ஒன்பது குரலுக்கு அரை நிமிஷம்கூட ஆகவில்லை.

உச்சிக்குக் கொஞ்சம் கீழே பாறை இரண்டாகப் பிளந்திருக்கும். நடுவில் ஆழமான பள்ளம், அதன்மேல் குறுகலான மரப்பாலம். அதைத் தாண்டினால்தான் ரங்கநாதர் கோயிலும் மணிக்கூண்டும் பீரங்கியும். அங்கே எண்ணினேன். எட்டுக் குரல்தான் வந்தது. நான்காம் வீடு இல்லை. அது நயினாரின் வீடு.

மற்றவர்களோடு நயினாரும் பாலத்துக்கு அந்தப் பக்கம் போய்விட்டிருந்தார்; தன் வீட்டில் ஒரு ஆள் குறைந்ததால் குரல் கொடுக்கவில்லை. சாந்தம்மாள் இந்தப் பக்கம் பாறையில் உட்கார்ந்துவிட்டார். ஜனவரியில் முதலில் எழுந்த அதே அம்மாள்.

"நீங்க போய் பாத்துட்டு வாங்க. கீழ பாத்தா எனக்கு தல சுத்துது."

அந்தப் பக்கத்திலிருந்து நயினார் கத்தினார். "ஏன்க்கா, அன்னிக்கி இலைய உட்டு மொத ஆளா எழுந்தியே. இப்ப எழுந்துக்கறதுக்கு இன்னா?"

"நீ பேசாத. உழுந்தா நீயா வந்து எடுப்ப?"

மணி பன்னிரண்டு முப்பத்து மூன்று. அவரை விட்டுவிட்டுப் போயிருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனால் அவர் முகத்தைப் பார்த்தேன். பாலத்தைப் பார்க்கவில்லை அவர், அதற்கு மேலே உச்சியைப் பார்த்துக்கொண்டிருந்தார். கல்யாணமாகிப் போகும்வரை தொண்டூரில் விடிந்ததும் முதலில் கண்ணில் படுவது இந்த மலைதான் என்று ஏறும்போது சொல்லியிருந்தார்.

"இருபத்திரண்டு அடிதான்மா. நான் எண்ணி வெச்சிருக்கேன். நான் முன்னால எண்ணிகினே போறேன், நீங்க என் முதுக மட்டும் பாத்துகினு வாங்க."

"கூட ஒண்ணு இருந்தா?"

"இருக்காதும்மா."

எழுந்தார். என் சட்டையைப் பின்னால் பிடித்துக்கொண்டார். நான் சத்தமாக எண்ணினேன். அந்தப் பக்கம் நாற்பது பேரும் விலகி வழிவிட்டார்கள். பதினெட்டு, பத்தொன்பது, இருபது. அப்போதுதான் கவனித்தேன்: இருபத்திரண்டு என்பது என் அடிக் கணக்கு. அவருடைய அடி சின்னது. இன்னும் நான்கு அடி பாக்கி இருந்தது. கணக்கு முடிந்தும் பாலம் முடியாவிட்டால் அவர் நின்றுவிடுவார், நடுவில் நின்றால் அவ்வளவுதான்.

இருபத்தொன்று என்றேன். மறுபடி இருபத்தொன்று என்றேன். மூன்றாவது தடவையும் இருபத்தொன்று. இருபத்திரண்டு என்று சொல்லும்போது அவர் கால் பாறைமேல் இருந்தது. தெரிந்தே தப்பாக எண்ணியது என் ஆயுளில் அந்த ஒரு தடவைதான்.

சாந்தம்மாள் என் சட்டையை விட்டார். மூச்சை இழுத்து விட்டார். "தம்பி, இருபத்தொண்ணு மூணு தரம் வந்துச்சே," என்றார். அதற்குள் நயினார் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தார்.

பதினான்கு நிமிஷம் போயிருந்தது. உச்சியில் ஒன்பது வீடும் இருந்தது. சாந்தம்மாள் சுவரோரம் நின்று தொண்டூர் எந்தப் பக்கம் என்று கேட்டார், காட்டினேன். வெகுநேரம் அந்தத் திசையிலேயே பார்த்துக்கொண்டிருந்தார். அவரை நான் அவசரப்படுத்தவில்லை. அதற்கும் சேர்த்துத்தான் அரை மணி நேரம் ஒதுக்கியிருந்தேன்.

5. ஐந்து பத்தொன்பது

ஒன்று பதினேழுக்கு இறங்க ஆரம்பித்து, இரண்டு பத்தொன்பதுக்குக் கீழே வந்தோம். கட்டடங்களில் நான் வாய் திறக்கவில்லை. திறக்க வேண்டியும் இருக்கவில்லை. களஞ்சியத்துக்குள் நயினாரே மற்றவர்களுக்கு விளக்கிக்கொண்டிருந்தார். மண்டிக்காரர் அல்லவா, எத்தனை மூட்டை பிடிக்கும் என்பதில் அவருக்கும் எனக்கும் ஒரு சின்ன வாக்குவாதம் வந்தது. நடந்துகொண்டே வாதாடினோம். வெங்கட்ரமணர் கோயில் கோபுரமும் பள்ளிவாசலும் முடித்து பஸ் கிளம்பியபோது மணி மூன்று நாற்பத்தொன்று. நான்கு நிமிஷம் மிச்சம்.

காதர் பாய் கியரைப் போட்டுக்கொண்டே கேட்டார், "இன்னா கணக்கு, எண்ணலியா?"

"ஒன்பது வீடு இருக்குது பாய். போலாம்," என்றேன். மேனேஜர் திரும்பி ஒரு தடவை தானே எண்ணிப் பார்த்தார். நாற்பத்தொன்று. முன்னால் திரும்பி உட்கார்ந்தார்.

மேல்சித்தாமூரில் தரிசனம் முடிந்து நான்கு நாற்பத்தேழுக்கு இலை விழுந்தது. வெங்காயம் இல்லாத சாம்பார், வாழைக்காய்ப் பொரியல், மிளகு ரசம், பாயசம், மோர். மலையேறி வந்தவர்கள் பசி எப்படி இருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. இரண்டாம் தடவை சாதம் வாங்காதவர் ஒருவரும் இல்லை. சாந்தம்மாள் பாயசத்தை மூன்றாம் தடவை கேட்டார். கடைசி ஆள் கை கழுவி வந்தபோது ஐந்து பத்தொன்பது.

மேனேஜர் மோர் தம்ளரோடு என்னிடம் வந்தார். அடுத்த மாதத்திலிருந்து செஞ்சிக்கு இரண்டு பஸ் என்றார். ஒன்பது வீட்டுக் கணக்கை மற்ற கைடுகளுக்கும் சொல்லிக்கொடுக்க மெட்ராஸுக்கு ஒரு தடவை வரச் சொன்னார். போனேன். பிற்பாடு முப்பத்தொரு வருஷம் அந்த வேலையிலேயே இருந்தேன்.

இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு நான் சொல்ல வேண்டியது ஒன்றுதான். பயணிகளுக்கு விட்டுக்கொடுக்க முடியாத நேரம் ஒன்று இருக்கும். தொழுகையாக இருக்கலாம், மாத்திரையாக இருக்கலாம், கைக்குழந்தையின் தூக்கமாக இருக்கலாம். அதை அவர்கள் வாயாலேயே கேட்டுத் தெரிந்துகொண்டு, அங்கிருந்து பின்னோக்கி எழுத ஆரம்பியுங்கள். நேரம் குறைந்தால் முதலில் உங்கள் பேச்சைக் குறையுங்கள், பார்க்க வந்த இடத்தைக் குறைக்காதீர்கள்.

அன்று பஸ் கிளம்ப இன்னும் நேரம் இருந்தது. எல்லாரும் மடத்துக்கு வெளியே வந்து நின்றோம். மேற்கே வயல்களுக்கு அப்பால் செஞ்சி மலைகள் நீலமாகத் தெரிந்தன. குழந்தைகள் எது ராஜகிரி என்று சண்டை போட்டன. சூரியன் அந்த மலைகளுக்குப் பின்னால் இறங்கியது. வயிறு நிறைந்த நாற்பத்தொரு பேர் அதை வேடிக்கை பார்த்தார்கள். நானும் பார்த்தேன். கடிகாரத்தைப் பார்க்கவில்லை.