ஏர்பேக் விளக்கும் என் பழைய லேப்டாப்பும்

பழைய காருக்கு வைத்தியம் பார்ப்பவனுக்கு ஸ்பேனர் பாதி, லேப்டாப் பாதி. பழைய காரை வைத்துக்கொண்டு அல்லாடுகிறவர்களே, நானும் உங்கள் கட்சிதான். உங்கள் காரைக் கைவிட்ட கம்பெனிக்காரர்கள் என்னை மட்டும் சேர்த்துக்கொள்வார்களா? யாரோ பூட்டை உடைத்து, கைமாறிக் கைமாறி வந்த, காருக்குள் இருக்கும் கம்ப்யூட்டரைப் படித்து மாற்றி எழுதும் மென்பொருளை வைத்துத்தான் பெரம்பலூரில் என் பட்டறை ஓடுகிறது.

என் வருஷம் வேறு

காலாவதியான அந்த மென்பொருள், இன்றைய தேதி தெரிந்தால் திறக்காது. அதனால் லேப்டாப்பில் தேதியைப் பல வருஷம் பின்னால் தள்ளி வைத்திருக்கிறேன். அரியலூரிலிருந்து வந்த ரிட்டயர்டு தாசில்தார் ஒருவர் அதைக் கவனித்துவிட்டார். திட்டப்போகிறார் என்று நினைத்தேன்.

"இருக்கட்டும் தம்பி. அந்த வருஷத்துல எனக்கு முட்டிவலி கெடையாது."

இரண்டாவது சாவி

அரும்பாவூர் விவசாயி ஒருவர் தன் காருக்கு இன்னொரு சாவி வேண்டும் என்று வந்தார். லேப்டாப் வழியாகப் புதுச் சாவியைக் காருக்குப் பழக்கும்போது பேட்டரி இறங்கக் கூடாது. அது தெரிந்தும், சோம்பலில் சார்ஜரை மாட்டாமல் ஆரம்பித்தேன். பாதியில் எல்லாம் நின்றது. கார் பழைய சாவியையும் மறந்துவிட்டது. சரிசெய்ய இரண்டு நாள் ஆகும் என்றேன். அவர் கோபப்பட்டிருந்தால்கூடத் தேவலை.

"ஓட்டிக்கிட்டு வந்தேன், பஸ்ல போறேன். ஒரு சாவியோட நல்லாத்தாங்க இருந்துச்சு."

ஒரு நிமிஷ வேலை

கார் புரோக்கர் ஒருவர் எங்கோ மோதிய காரைக் கொண்டுவந்தார். முன்பக்க ஏர்பேக் இரண்டும் வெடித்துப் போயிருந்தன. புதிது போடாமல் மூடியை மட்டும் ஒட்டியிருந்தார்கள். எச்சரிக்கை விளக்கு எரிந்துகொண்டே இருந்தது. அதை மட்டும் அணைத்துக் கொடுக்கச் சொன்னார். தப்பு என்று தெரியும். ஆனாலும் என் லேப்டாப்பால் முடியுமா என்று பார்க்கும் ஆசை. முடிந்தது. சந்தோஷப்பட்டேன், இப்போது சொல்ல வெட்கமாக இருக்கிறது.

"லைட்டு எரியலன்னா பை இருக்குன்னுதாண்ணே அர்த்தம். யாரு பிரிச்சுப் பாக்கப்போறா?"

டீச்சர் கேட்டது

சில மாதம் கழித்து அதே கார் வந்தது. வாங்கியிருந்தவர் ஏலாக்குறிச்சி டீச்சர் ஒருவர். தினமும் மகளைப் பக்கத்தில் உட்கார வைத்து அதில்தான் பள்ளிக்கூடம் போகிறாராம். முழுசாகச் செக் பண்ணச் சொன்னார்.

லேப்டாப்பை மாட்டினேன். ஒரு குறையும் இல்லை என்று வந்தது. நான் எழுதிய பொய்யை எனக்கே படித்துக் காட்டியது. டீச்சர் நிம்மதியாகச் சிரித்தார். விளக்கை மறுபடி எரியவிட்டேன். உள்ளே ஏர்பேக் இல்லை, விளக்கை அணைத்தது நான்தான் என்று சொன்னேன். புது ஏர்பேக் என் பொறுப்பு, அதுவரை காரை எடுக்காதீர்கள் என்றும் சொன்னேன். அவர் லேப்டாப் திரையைப் பார்த்தார்.

"மெஷின் பொய் சொல்லாதுன்னு நெனச்சேன் தம்பி. நீங்க சொல்லிக் குடுத்தா அதுவும் சொல்லுமா?"

லேப்டாப்பில் தேதியைப் பல வருஷம் பின்னால் தள்ளத் தெரிந்த எனக்கு, அந்த விளக்கை அணைத்த ஒரு நாளை மட்டும் எங்கேயும் தள்ளிவைக்கத் தெரியவில்லை.